பட்டா மனு வருடக்கணக்கில் கிடக்கிறது: ஹைகோர்ட் போனால் என்ன கிடைக்கும்?

உங்கள் கேள்வியை முதலில் சுருக்கிக்கொள்கிறேன். 2011-ல் உங்கள் அப்பா 8 சென்ட் இடம் கிரயம் வாங்கியிருக்கிறார். பத்திரம் பதிவாகிவிட்டது, வீடு கட்டிக் குடியிருக்கிறீர்கள், வீட்டு வரியும் மின் இணைப்பும் அப்பா பெயரில் இருக்கின்றன. பட்டா மட்டும் இன்னும் விற்றவருடைய தாத்தா பெயரில், வேறு மூன்று பேரோடு கூட்டாக நிற்கிறது. உட்பிரிவு செய்து (உங்கள் பாகத்தைத் தனி எண்ணாகப் பிரித்து) பட்டா மாற்றக் கோரி மனு கொடுத்து இரண்டரை வருடம் ஆகிறது. தாலுகா ஆபீஸில் கேட்டால் ‘சர்வேயர் வரணும்’ என்கிறார்கள். ஹைகோர்ட்டில் ரிட் (அரசு அதிகாரிக்கு உத்தரவிடக் கோரும் மனு) போட்டால் பட்டா வந்துவிடுமா, எத்தனை நாளாகும் என்கிறீர்கள்.

ரிட் போட்டால் உங்கள் மனுவின் மேல் ஒரு முடிவு வரும். அந்த முடிவு பட்டாவாக இருக்குமா, நிராகரிப்பாக இருக்குமா என்பது பெரும்பாலும் நீங்கள் கோர்ட்டுக்குப் போவதற்கு முன்னால் கோப்பில் என்ன சேர்த்து வைத்தீர்கள் என்பதைப் பொறுத்தது. ஹைகோர்ட்டின் மதுரைக் கிளையில் பட்டா வழக்குகளைப் பல வருடமாக நடத்திவருகிறேன். இந்த ஒரு விஷயம் புரியாததால் ஜெயித்தும் தோற்றுப்போனவர்களை நிறையப் பார்த்திருக்கிறேன்.

கோர்ட்டில் உண்மையில் நடப்பதைச் சொல்கிறேன். அரசியலமைப்பின் 226ஆம் பிரிவில், ‘என் மனுவை முடித்துவைக்கத் தாசில்தாருக்கு உத்தரவிடுங்கள்’ என்று மாண்டமஸ், அதாவது கடமையைச் செய்யச் சொல்லும் ஆணை, கேட்டு மனு போடுகிறோம். வழக்கு எண்ணைக் கூப்பிட்டதும் அரசுத் தரப்பு வக்கீல் எழுந்து நோட்டீஸ் எடுத்துக்கொள்கிறார். நீதிபதி மனுவோடு இணைத்த ஆவணத் தொகுப்பைப் புரட்டி, மனு கொடுத்த தேதியையும் அதற்கான ஒப்புகையையும் பார்க்கிறார். ‘இன்னும் ஏன் முடிக்கவில்லை?’ ‘பரிசீலனையில் இருக்கிறது.’ ‘எவ்வளவு நாள் வேண்டும்?’ அவ்வளவுதான் வாதம். தகுதிக்குள் போகாமல், சம்பந்தப்பட்ட எல்லோருக்கும் வாய்ப்பளித்து, சட்டப்படி, உத்தரவு நகல் கிடைத்த நாளிலிருந்து 8 வாரத்துக்குள் அல்லது 12 வாரத்துக்குள் மனுவை முடிக்க வேண்டும் என்று உத்தரவு வரும். சில நிமிட வேலை. பல வழக்குகள் முதல் நாளிலேயே முடிந்துவிடும்.

அந்த உத்தரவில் இரண்டு சொற்றொடர்களை அடிக்கோடிட்டுக்கொள்ளுங்கள். ஒன்று, ‘தகுதிக்குள் போகாமல்’. உங்களுக்குப் பட்டா பெறும் உரிமை உண்டு என்று கோர்ட் சொல்லவில்லை என்று அர்த்தம். பரிசீலிக்கச் சொல்வதும் கொடுக்கச் சொல்வதும் ஒன்றல்ல என்பதை உச்ச நீதிமன்றம் 2006-ல், ஆந்திரப் போக்குவரத்துக் கழகம் எதிர் ஜி. சீனிவாச ரெட்டி வழக்கில் விரிவாகவே விளக்கியிருக்கிறது. இன்னொன்று, ‘நகல் கிடைத்த நாளிலிருந்து’. நகல் தாசில்தார் கைக்குப் போகும்வரை கடிகாரமே ஓடாது.

இந்த இரண்டாவது விஷயத்தில் ஒரு அம்மாவை என்னால் மறக்க முடியவில்லை. சிவகங்கைப் பக்கம். மஞ்சள் பையிலிருந்து ஒரு உத்தரவு நகலை எடுத்துக் கொடுத்தார். அழுக்குப்படாமல் லேமினேட் செய்து, பெட்டியில் பூட்டி வைத்திருந்தார். உத்தரவு வந்து 14 மாதம் ஆகியிருந்தது. ‘கோர்ட்டு சொல்லியும் பண்ணலையே சார், கன்டெம்ட் போடுங்க’ என்றார், அவமதிப்பு வழக்கைத்தான் சொல்கிறார். ‘தாசில்தாருக்கு நகல் கொடுத்தீர்களா?’ என்று கேட்டேன். ‘கோர்ட்டே அனுப்பிடும்னு இருந்தேன்’ என்றார். அரசு வக்கீல் அலுவலகம் தெரிவிக்க வேண்டும்தான். ஆனால் அதை நம்பி உட்கார்ந்திருக்கக் கூடாது. சான்றிட்ட நகலை ஒரு முகப்புக் கடிதத்தோடு நேரில் கொடுத்து, உங்கள் பிரதியில் முத்திரையும் தேதியும் வாங்குங்கள். அதே நாளில் அஞ்சலிலும் ஒப்புகையோடு அனுப்பிவிடுங்கள். அந்த அம்மாவுக்கு அன்றுதான் முதல் நாள் தொடங்கியது.

சரி, இனி தாமதம் எந்த வகை என்று பார்க்கலாம். பட்டா தாமதம் என்று எல்லோரும் ஒரே பெயரில் சொன்னாலும், உள்ளே வேறு வேறு வியாதிகள். மருந்தும் வேறு வேறு.

உங்களுடையது பட்டா மாறுதல். இதற்குத் தமிழ்நாடு பட்டா பாஸ் புத்தகச் சட்டம், 1983 இருக்கிறது. நிலம் கைமாறியபின் பதிவைத் திருத்தும் அதிகாரத்தை அதன் 10ஆம் பிரிவு தாசில்தாருக்குக் கொடுக்கிறது. சம்பந்தப்பட்டவர்களுக்கு வாய்ப்புக் கொடுத்த பிறகே உத்தரவு போட வேண்டும் என்றும் சொல்கிறது. அதாவது இது சலுகை கேட்கும் மனு அல்ல. சட்டம் விதித்த கடமையைச் செய்யச் சொல்லும் மனு. மாண்டமஸுக்கு இதுதான் அடிப்படை: உங்களுக்கு ஒரு உரிமை, அவருக்கு ஒரு கடமை, நீங்கள் கேட்டிருக்க வேண்டும், அவர் மறுத்தோ பேசாமலோ இருந்திருக்க வேண்டும். உட்பிரிவு இல்லாத மாறுதலுக்கு 15 நாள், உட்பிரிவு உள்ளதற்கு 30 நாள் என்று துறை வைத்திருக்கும் கெடுவை உங்கள் அபிடவிட்டில் (பிரமாண வாக்குமூலத்தில்) குறிப்பிடுங்கள். அது சட்டப் பிரிவு அல்ல, நிர்வாகக் கெடு. ஆனாலும் 30 நாள் வேலை இரண்டரை வருடமாகக் கிடக்கிறது என்பதை நீதிபதிக்குக் காட்ட அதைவிட எளிய வழி கிடையாது.

நத்தம், அதாவது கிராமக் குடியிருப்புக்கென்று உள்ள நிலம் என்றால் கதை வேறு. கிராம நத்தம் அரசுக்குச் சொந்தமானது அல்ல என்று சென்னை உயர் நீதிமன்றம் 1998-ல் ஏ.கே. தில்லைவனம் வழக்கில் சொல்லியிருக்கிறது. அதற்குப் பிறகும் பலமுறை சொல்லியாகிவிட்டது. ஆனாலும் நத்தத்தில் தலைமுறையாகக் குடியிருப்பவரிடம் ‘அரசு நிலம், ஒப்படை (அரசு ஒதுக்கித் தருவது) கேட்டு மனு கொடு’ என்று சொல்லித் திருப்பி அனுப்புகிறார்கள். அப்படிச் சொன்னால் அதை எழுத்தில் வாங்குங்கள். நில அளவையின்போது கொடுத்த தோராய பட்டாச் சீட்டு (தற்காலிகப் பட்டா) பழைய பெட்டியில் கிடக்கிறதா என்று தேடிப் பாருங்கள். தூய பட்டா (இறுதிப் பட்டா) ஏன் கொடுக்கவில்லை என்று கேட்பது, புதிதாக ஒன்றைக் கேட்பதைவிட எவ்வளவோ பலமான கோரிக்கை.

இலவச வீட்டுமனைப் பட்டாவில் அடிக்கடி வரும் குறை, பட்டாத் தாள் கையில் இருக்கும், இடத்தை அளந்து காட்டியிருக்க மாட்டார்கள். இதில் அரசே உரிமையைக் கொடுத்துவிட்டது, செயல்படுத்துவது மட்டும்தான் பாக்கி. ஆகவே ‘அளந்து, கல் நட்டு, ஒப்படைக்க உத்தரவிடுங்கள்’ என்று நேரடியாகவே கேட்கலாம். இந்த வழக்குகளை நான் தயங்காமல் எடுப்பேன். ஆதிதிராவிட மக்களுக்குப் பட்டாவைக் கையில் கொடுத்துவிட்டு, ஊருக்குள் எதிர்ப்பு வரும் என்று பத்து, பதினைந்து வருடம் அளக்காமலே விடுகிற ஊர்கள் இன்னும் இருக்கின்றன. நம் சமூகத்தில் இருக்கும் பெரிய அநியாயங்களில் இதுவும் ஒன்று என்று நினைக்கிறேன்.

புறம்போக்கில் குடியிருந்து ஒப்படை கேட்பவர்களுக்கு நான் ஆசை காட்ட மாட்டேன். கேட்க உரிமை உண்டு, கிடைக்கும் உரிமை கிடையாது. அதுவும் கண்மாய், குளம், ஓடை, மேய்க்கால் என்று பதிவாகியிருந்தால், 2001-ல் ஹிஞ்ச்லால் திவாரி வழக்கும் 2011-ல் ஜக்பால் சிங் வழக்கும் அந்தக் கதவை ஏறக்குறைய மூடிவிட்டன. நீர்நிலைப் புறம்போக்குக்குப் பட்டா கேட்டு ரிட் போட்டு, ‘ஆக்கிரமிப்பை அகற்று’ என்ற உத்தரவை வாங்கிக்கொண்டு திரும்பியவர்கள் உண்டு. அ-பதிவேட்டு நகலைக் கையில் வாங்கி, நிலம் என்ன வகைப்பாடு என்று பார்க்காமல் கோர்ட் வாசலை மிதிக்காதீர்கள்.

உங்கள் விஷயத்துக்கு வருகிறேன். இரண்டரை வருடத்தில் ஏழு மனு கொடுத்ததாக எழுதியிருக்கிறீர்கள். திங்கட்கிழமைக் குறைதீர் கூட்டம், ஜமாபந்தி, முதல்வர் தனிப்பிரிவு என்று எல்லாம் கொடுத்திருக்கிறீர்கள். அலைந்தது வீண் என்று சொல்லவில்லை. ஆனால் கோர்ட்டில் கேட்கப்படும் கேள்வி, உரிய அதிகாரியிடம், உரிய ஆவணங்களோடு, எந்தத் தேதியில் கேட்டீர்கள் என்பதுதான். கலெக்டருக்குக் கொடுத்த மனு ‘தக்க நடவடிக்கைக்காக’ கீழே போகும். அங்கே ‘மனு பரிசீலனையில் உள்ளது’ என்ற ஒரு வரியோடு முடித்துவிட்டதாகக் கணக்குக் காட்டிவிடுவார்கள். ஆகவே தாசில்தாருக்கே ஒரு முழுமையான மனு எழுதுங்கள். 2011 கிரயப் பத்திரம், விற்றவருக்கு அந்த நிலம் எப்படி வந்தது என்று காட்டும் மூலப் பத்திரங்கள், வில்லங்கச் சான்று, இப்போதைய கூட்டுப் பட்டா, அ-பதிவேடு, புலப்பட (நில அளவை வரைபட) நகல், விற்றவருடைய தாத்தாவின் இறப்புச் சான்றும் வாரிசு விவரமும், உட்பிரிவுக் கட்டணம் கட்டிய ரசீது, இணையத்தில் பதிந்த மனு எண் எல்லாவற்றையும் வரிசை எண் போட்டு இணையுங்கள். கூட்டுப் பட்டாதாரர்கள் மூன்று பேருடைய பெயர், முகவரியையும் நீங்களே எழுதிக் கொடுங்கள். ‘முகவரி தெரியாததால் நோட்டீஸ் அனுப்ப முடியவில்லை’ என்பது கோப்பைத் தூங்கவைக்க நல்ல காரணம். அதை நீங்களே எடுத்துவிடுகிறீர்கள்.

கூடவே ஒரு தகவல் உரிமை மனுவும் போடுங்கள், கட்டணம் 10 ரூபாய். ‘ஏன் பட்டா தரவில்லை’ என்று கேட்காதீர்கள். அதற்குச் சுற்றிவளைத்துத்தான் பதில் வரும். என் மனு எந்தத் தேதியில் எந்த மேசைக்குப் போனது, சர்வேயருக்கு எப்போது அனுப்பப்பட்டது, அவர் அறிக்கை கொடுத்தாரா, கோப்பின் குறிப்புப் பக்க நகல் என்று ஆவணமாகக் கேளுங்கள். 30 நாளில் பதில் வர வேண்டும். வராவிட்டால் அதே அலுவலகத்தின் மேல்முறையீட்டு அலுவலரிடம் முதல் மேல்முறையீடு, அப்புறம் தகவல் ஆணையம். தகவல் தராத அலுவலருக்கு நாளுக்கு 250 ரூபாய், அதிகபட்சம் 25,000 ரூபாய் வரை அபராதம் விதிக்கச் சட்டத்தில் இடம் இருக்கிறது. என் கட்சிக்காரர் ஒருவருக்கு இப்படி வந்த கோப்பு நகலில், சர்வேயர் அளந்து வரைபடமே கொடுத்துவிட்டது தெரிந்தது. பதினோரு மாதமாக அது வேறொரு மேசையில் கிடந்தது. அவர் அத்தனை நாளும் சர்வேயர் பின்னாலேயே அலைந்துகொண்டிருந்தார். பிறகு ரிட்டே தேவைப்படவில்லை. அந்த நகலைக் காட்டிக் கேட்டதில் மூன்று வாரத்தில் பட்டா வந்தது.

தாசில்தாருக்குக் கொடுத்த மனுவுக்கு இரண்டு மாதம் பார்த்துவிட்டு ரிட் போடலாம். தாசில்தாரோடு, உட்பிரிவு என்பதால் நில அளவைப் பிரிவு அதிகாரியையும் எதிர்மனுதாரராகச் சேர்க்கச் சொல்லுங்கள். இல்லாவிட்டால் ‘அளவை அறிக்கை வரவில்லை’ என்று உத்தரவுக்குப் பிறகும் பந்தை அங்கே தள்ளிவிடுவார்கள். கூட்டுப் பட்டாதாரர்களையும் சேர்ப்பதுதான் பாதுகாப்பு என்பது என் கருத்து. வழக்கு சில வாரம் தள்ளிப்போகும். ஆனால் அவர்களைக் கேட்காமல் வாங்கிய பட்டாவை அவர்கள் மேல்முறையீட்டில் ஒரே காரணத்தைச் சொல்லி உடைத்துவிட முடியும்.

வக்கீல் கட்டணம் கட்ட முடியாது என்றால், பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கு வருமானம் பார்க்காமலே இலவச சட்ட உதவி உண்டு. 1987-ஆம் வருடச் சட்டப் பணிகள் ஆணையச் சட்டத்தின் 12ஆம் பிரிவு. உங்கள் அம்மா பெயரில் வழக்குப் போடுவதாக இருந்தால் உயர் நீதிமன்றச் சட்டப் பணிகள் குழுவை அணுகலாம்.

உத்தரவு வந்து, நகலும் கொடுத்து, கெடுவும் முடிந்தும் ஒன்றும் நடக்கவில்லை என்றால் கன்டெம்ட், அதாவது அவமதிப்பு வழக்கு. கெடு மீறப்பட்ட நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் போட வேண்டும் என்கிறது 1971-ஆம் வருட நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 20ஆம் பிரிவு. போடுவதற்கு முன் ஒரு வக்கீல் நோட்டீஸ் அனுப்பினால் பாதி வழக்குகளில் வேலை நடந்துவிடும். இதில் ஒரு கண்ணி இருக்கிறது. கன்டெம்ட் விசாரணைக்கு முதல் நாள் மாலை அவசர அவசரமாக ஒரு நிராகரிப்பு உத்தரவு போடுவார்கள். பரிசீலித்து முடித்துவிட்டேன் என்று காட்டிவிட்டால் கன்டெம்ட் அங்கேயே முடிந்தது. அந்த உத்தரவு தப்பாகவே இருந்தாலும் அதை எதிர்க்கத் தனி வழக்குத்தான் போட வேண்டும், கன்டெம்டில் தீர்க்க முடியாது என்று 1996-ல் ஜே.எஸ். பரிஹார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. வருடக்கணக்கில் காத்திருந்தவர் கையில் ‘ஆவணங்கள் தெளிவாக இல்லை’ என்ற ஒரே வரி வரும்போது அவர் முகம் எப்படி ஆகும் என்று எனக்குத் தெரியும். முழுமையான மனு, முழுமையான மனு என்று நான் திரும்பத் திரும்பச் சொல்வது அதற்காகத்தான். எல்லா ஆவணமும் வரிசை எண்ணோடு கோப்பில் இருந்தால், அந்த ஒரு வரி கோர்ட்டில் நிற்காது. உத்தரவில் எழுதாத காரணத்தைப் பிறகு அபிடவிட்டில் புதிதாகச் சேர்க்க முடியாது என்பது 1977-ல் உச்ச நீதிமன்றம் தீர்த்த மொஹிந்தர் சிங் கில் வழக்கிலிருந்து நிலைத்த சட்டம்.

நிராகரிப்பு வந்தால் அடுத்த படி பட்டா பாஸ் புத்தகச் சட்டத்தின் 12ஆம் பிரிவில் கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு, அதற்கு மேல் 13ஆம் பிரிவில் சீராய்வு. நேரே ரிட்டுக்குப் போனால் ‘அங்கே போய்விட்டு வாருங்கள்’ என்றுதான் பெரும்பாலும் சொல்வார்கள். உங்களைக் கேட்காமலே நிராகரித்திருந்தால், அல்லது அதிகாரமே இல்லாதவர் உத்தரவு போட்டிருந்தால் நேரடி ரிட் நிற்கும். கோட்டாட்சியர் உத்தரவு உங்களுக்குச் சாதகமாக வந்து, தாசில்தார் அதை அமல்படுத்தவில்லை என்றால் அதுதான் மாண்டமஸுக்கு மிகப் பொருத்தமான வழக்கு. சிவில் கோர்ட் தீர்ப்பு இறுதியாகி, அதன்படி பட்டா மாற்றவில்லை என்றாலும் அப்படியே. அங்கெல்லாம் ‘பரிசீலி’ என்று கேட்காதீர்கள், ‘மாற்று’ என்று கேளுங்கள்.

சிவில் கோர்ட் எப்போது? யாராவது உங்கள் உரிமையையே மறுத்தால். கூட்டுப் பட்டாதாரர் ஒருவர் ‘அது பாகம் பிரிக்காத சொத்து, தாத்தா பேரனுக்குத் தனியாக எட்டு சென்ட் எங்கே வந்தது?’ என்று எழுதிக் கொடுத்துவிட்டால் தாசில்தாரால் மேலே போக முடியாது. வாரிசுரிமை சம்பந்தமான பிரச்சினை எழுந்து, எல்லோரும் எழுத்தில் ஒத்துக்கொள்ளாவிட்டால் சிவில் கோர்ட்டுக்கு அனுப்ப வேண்டும் என்று பட்டா பாஸ் புத்தக விதிகளின் விதி 4(4) அவரைக் கட்டுகிறது. அந்த நிலையில் எத்தனை ரிட் போட்டாலும் பயனில்லை. உரிமை விளம்புகை வழக்குத்தான் (இடம் உங்களுடையது என்று அறிவிக்கக் கோரும் வழக்கு) வழி, பட்டா பாஸ் புத்தகச் சட்டத்தின் 14ஆம் பிரிவே அதற்கு இடம் விடுகிறது. தகராறு எழுந்ததிலிருந்து 3 வருடத்துக்குள் போட வேண்டும். தாசில்தாரையும் கலெக்டரையும் பிரதிவாதியாகச் சேர்ப்பதானால் உரிமையியல் நடைமுறைச் சட்டம் 80ஆம் பிரிவின்படி இரண்டு மாத நோட்டீஸ் கொடுக்க வேண்டும், அவசரம் என்றால் கோர்ட் அனுமதியோடு நோட்டீஸ் இல்லாமலும் போடலாம்.

ஒரு பயத்தையும் போக்கிவிடுகிறேன். பட்டா இல்லாததால் வீடு உங்களுடையது இல்லை என்று ஆகிவிடாது. வருவாய்ப் பதிவேடு உரிமையைத் தரவும் செய்யாது, பறிக்கவும் செய்யாது என்று உச்ச நீதிமன்றம் 1996-ல் சவர்ணி வழக்கிலிருந்து 2021-ல் ஜிதேந்திர சிங் வழக்கு வரை சொல்லிவருகிறது. உங்கள் உரிமை அந்த 2011 பத்திரத்திலும் அனுபவத்திலும் இருக்கிறது. ஆனால் வங்கிக் கடன், கட்டட அனுமதி, நாளை நிலம் எடுப்பு வந்தால் இழப்பீடு என்று எல்லா இடத்திலும் முதலில் கேட்பது பட்டாவைத்தான். அதனால் விட்டுவிடவும் முடியாது.

தாமதத்தை நீங்களும் வளர விடாதீர்கள். ஒருமுறை நிராகரித்ததைப் பத்து வருடம் அப்படியே விட்டுவிட்டு, புதிதாக ஒரு மனு கொடுத்து, அதைப் பரிசீலிக்கச் சொல்லி ரிட் போட்டால் செத்த கோரிக்கைக்கு உயிர் வராது. சி. ஜேக்கப் வழக்கில் 2008-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது அதுதான், அது நம் தமிழ்நாட்டு வழக்கு. உங்களுக்கு இதுவரை நிராகரிப்பு எதுவும் வரவில்லை என்கிறீர்கள். ஆனாலும் மனு எண்ணைப் போட்டு இன்றே ஒருமுறை நிலையைப் பாருங்கள். ‘நிராகரிக்கப்பட்டது’ என்று கணினியில் மட்டும் ஏறி, தபாலில் எதுவும் வராமல் போன கோப்புகள் உண்டு. அப்படி இருந்தால் வழியே மாறிவிடும், மேல்முறையீட்டுக் கெடு ஓடிக்கொண்டிருக்கும்.

கடைசியாக, உங்கள் கடிதத்தில் போகிற போக்கில் ஒரு வரி எழுதியிருக்கிறீர்கள்: கூட்டுப் பட்டாதாரர்களில் இரண்டு பேர் இறந்துவிட்டார்கள், அவர்கள் பிள்ளைகள் அதே தெருவில்தான் இருக்கிறார்கள், பேச்சுவார்த்தை உண்டு என்று. என்னைக் கேட்டால் வக்கீலைப் பார்க்கும் முன் அவர்களைப் போய்ப் பாருங்கள். எட்டு சென்ட்டின் எல்லையைக் குறித்த ஒரு வரைபடத்தில், ஆட்சேபணை இல்லை என்று அவர்களும் மூன்றாமவரும் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தால், அதை மனுவோடு இணைத்துவிடலாம். ரிட்டில் உத்தரவு வந்த பிறகும் சர்வேயர் சங்கிலியை எடுத்துக்கொண்டு அந்தத் தெருவுக்குத்தான் வர வேண்டும், அவர்களுக்குத்தான் முதல் நோட்டீஸ் போகும்.